கருப்பராயன் கோயில் சொல்விளக்கு

ஜேடர்பாளையத்து வாய்க்கால் எட்டிப் பார்க்காத மேட்டுப் பூமியில் இருக்கிறது கரட்டுப்புதூர். அங்கே கிணற்றை வைத்துத்தான் சோறு, கிணற்றை வைத்துத்தான் சம்பந்தம், கிணற்றை வைத்துத்தான் சண்டை. மேட்டூரில் அணை எழும்பிக்கொண்டிருந்த வருசங்களில் ஊர் இளவட்டங்களில் பாதிப்பேர் அங்கே கல் சுமக்கப் போய்விட்டார்கள். மீதிப்பேர் ஊரிலேயே இருந்து வரப்புத் தகராறுகளைக் குறைவில்லாமல் கவனித்துக்கொண்டார்கள். இந்த லட்சணத்தில் இருந்த ஊருக்குத்தான் அந்த விளக்கு வந்து சேர்ந்தது.

ஊருக்கு வடக்கே ஒரு கரடு உண்டு. மொட்டைப் பாறையும் முள்ளும்தான். அதன் உச்சியில் பலகைக் கற்களைச் சுவர்போல நிறுத்தி, மேலே பெரிய கல்லை மூடிய சின்னச் சின்னக் கல் அறைகள் இருந்தன. பாண்டுகுழி என்பார்கள். குள்ளர்கள் என்று ஒரு சனம் ஒரு காலத்தில் வெயிலுக்கும் மழைக்கும் பயந்து அதற்குள் பதுங்கி வாழ்ந்தது என்பது ஊர்க்கதை. பயந்த சனம் எதற்காகக் காற்றடிக்கும் உச்சியில் போய் வீடு கட்டியது என்று யாரும் கேட்டதில்லை. ஒருநாள் செங்கோடன் என்ற கூலிக்காரர் வரப்புக்குக் கல் பெயர்க்கப் போய் ஒரு குழிக்குள் இறங்கினார். கடப்பாரை நழுவிக் கால் கட்டைவிரல்மேல் விழுந்தது. "ஐயோ, நான் செத்தேன்!" என்று அவர் போட்ட கூச்சலில் குழியின் இருட்டு மூலை பளீரென்று வெளுத்தது.

வாயை மூடினார், இருட்டிவிட்டது. வலி பொறுக்காமல் மறுபடி அலறினார், மறுபடி வெளுத்தது. அப்புறம் அவர் வலியை மறந்துவிட்டு, மூலையில் கிடந்ததைத் துண்டில் சுற்றிக்கொண்டு நொண்டி நொண்டி ஊருக்கு ஓடிவந்தார்.

அது ஒரு கருங்கல் கிண்ணம். அதன் வாயில் வெங்காயச் சருகு மாதிரி மெல்லிய தகடு ஒன்று இழுத்துப் பொருத்தியிருந்தது. பித்தளையும் இல்லை, செம்பும் இல்லை, என்ன உலோகமென்று தட்டாசாரிக்கே தெரியவில்லை. தகட்டுக்குக் கீழே கைப்பிடி அளவு வெள்ளைக் கல். மேளம் அடித்தால் அசையாது, மணி அடித்தால் அசையாது, மாடு கத்தினாலும் சும்மா கிடக்கும். மனிதர் பேசினால் மட்டும் தகடு நடுங்கி, கல்லுக்குள் பால் நிறத்தில் வெளிச்சம் ஏறும். பேச்சை வெளிச்சமாக்கும் வித்தை அந்தக் குள்ளச் சனத்துக்குத் தெரிந்திருக்கிறது. நமக்குத் தெரியாத இத்தனை பெரிய வித்தையை அவர்கள் எதற்காக வைத்திருந்தார்கள் என்றுதானே ஒரு ஊர் யோசிக்க வேண்டும்? கரட்டுப்புதூர் யோசிக்கவில்லை. பார்த்த மாத்திரத்தில் அதற்கு விளங்கிவிட்டது.

அந்தப் பக்கத்தில் ஒரு வழக்கு முற்றினால் கருப்பராயன் கோயிலில் கற்பூரம் கொளுத்தி, அதன்மேல் அடித்துச் சத்தியம் பண்ண வேண்டும். சத்தியம் என்றால் அங்கே ஒரு வெளிச்சம் இருந்தாக வேண்டும், வெளிச்சம் என்றால் அது சாமியின் கண். இப்படியே பழகிய சனம், பேச்சுக்கு எரிகிற விளக்கைக் கண்டதும் அது உண்மைக்கு எரிகிற விளக்கு என்று எடுத்துக்கொண்டது. "செத்தேன்னு செங்கோடன் கத்துனதுக்கும் எரிஞ்சுதாமுங்களே, அவன் சாகலையே?" என்று யாரோ ஒருவர் கேட்கத்தான் கேட்டார். ஊர்ப் பெரியதனக்காரர் சென்னிமலை செங்கோடனையே கூப்பிட்டு விசாரித்தார்.

"உசுரு போற வலி வலிச்சுதா இல்லையாடா?"

"வலிச்சுதுங்க சாமி."

"அப்பறமென்ன? நெசத்தைத்தான சொல்லியிருக்கறான்!"

அவ்வளவுதான், விளக்கு கருப்பராயன் காலடிக்குப் போய்விட்டது. பூசாரி அதைச் சிவப்புத் துணியால் மூடி வைத்தார். வழக்கு நாளில் மட்டும் துணியை எடுப்பார்கள். மற்ற நேரத்தில் சன்னிதியில் யாரும் வாய் திறக்கக்கூடாது என்றும் கட்டுப்பாடு வந்தது.

முதல் வழக்கு சென்றாயன் மேல் வந்த ஆட்டுத் திருட்டு. சென்றாயன் கூப்பிட்டால் அடுத்த ஊர் நாய் குரைக்கும், அப்படிப்பட்ட தொண்டை. "நான் எடுக்கலை!" என்று அவர் சொன்ன சொல்லுக்குச் சன்னிதியே வெளுத்துவிட்டது. ஆடு எங்கே போயிற்று என்பது ஆட்டுக்கும் சென்றாயன் வீட்டுச் சட்டிக்கும்தான் தெரியும். அடுத்து பெருமாயியின் வழக்கு. அடுத்தவர் காட்டுப் பருத்தியைத் திருடிப் பறித்தாள் என்று சொன்னார்கள். பெருமாயிக்கு இளைப்பு நோய். மூச்சு வாங்கி வாங்கி அவள் சொன்ன சொல் விளக்கில் ஏறவே இல்லை. இனி எந்தக் காட்டிலும் அவள் கூலிக்கு இறங்கக்கூடாது என்று தீர்ப்பானது. ஆத்தூர் பக்கம் மகள் வீட்டுக்கு மூட்டை கட்டிக்கொண்டு போனாள். அன்றைக்குக் கூட்டத்தில் நின்று, "பாவி, இப்பிடிப் பண்ணிப்போட்டாளே" என்று சொன்னவர்களில் சென்னியம்மாளும் ஒருத்தி. அவளுடைய முறை வருமென்று அவளுக்கு அப்போது தெரியாது.

சென்னியம்மாளுக்குப் புருசன் இல்லை, பிள்ளையும் இல்லை. புருசன் மணியன் காய்ச்சலில் போய்ச் சேர்ந்துவிட்டார். அவருக்கும் தம்பி சின்னண்ணனுக்கும் பூமி தனித்தனி, கிணறு மட்டும் ஒன்று. ஆளுக்கு ஒருநாள் முறை வைத்து, எருது பூட்டிக் கவலை ஓட்டி இறைத்தார்கள். எருதுகள் சரிவில் இறங்க, வடம் இழுபட்டுத் தண்ணீர்ச் சால் மேலே ஏறி வாய்க்காலில் கொட்டும். எருதுகள் பின்னால் நடந்துவந்தால் சால் மறுபடி கிணற்றுக்குள் இறங்கும். நாள் முழுக்க இதே வேலைதான். எருதை முன்னும் பின்னும் நடத்தக் குரல் கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். மணியன் போனபிறகு சென்னியம்மாள் வெள்ளைச் சேலையை வரிந்து கட்டிக்கொண்டு தானே கவலை ஓட்டினாள். கூலிக்கு வந்த அத்தாயி காட்டில் நின்று மடை திருப்பினாள். "ஹேய், நட சாமி, நட!" என்று சென்னியம்மாள் எருதை ஓட்டும் குரல் கரடு வரைக்கும் கேட்கும்.

சாகிற அன்று மணியன் தம்பியைக் கூப்பிட்டனுப்பினார். சின்னண்ணன் வந்து அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டு, "நங்கை இருக்கற வரைக்கும் பாதிக் கெணறு அவீங்களுதுதான். நீ வெசனப்படாதண்ணா" என்று சொன்னார். நங்கை என்றது கால்மாட்டில் உட்கார்ந்திருந்த அண்ணன் சம்சாரம் சென்னியம்மாளை. சின்னண்ணன் சம்சாரம் காளியாத்தாள் கஞ்சி டம்ளரோடு கட்டில் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள். மணியன் அதைக் கேட்டுவிட்டுத்தான் கண்ணை மூடினார். எழுத்து கிடையாது, சாட்சிக் கையெழுத்து கிடையாது. கூடப் பிறந்தவர்களுக்குள் அதெல்லாம் எதற்கு?

அந்த வருசம் ஐப்பசி மழை பொய்த்தது. தை மாதம் கிணற்றில் பாறை தெரிந்தது. சென்னியம்மாள் தன் முறைநாளில் எருதுகளை ஓட்டிக்கொண்டு போனபோது சின்னண்ணன் கிணற்று மேட்டில் நின்றார்.

"நங்கை, இனிமே இங்க மாட்டைப் பூட்டாதீங்க. தண்ணி எனக்கே பத்தலை."

"என்ன கொழுந்தனாரே, இப்பிடிப் பேசறீங்க? உங்கண்ணன் கையப் புடிச்சுச் சொன்னது மறந்துபோச்சுங்களா?"

"காச்சக்காரனுக்குத் தகிரியம் சொன்னேன். கெணத்தப் பத்தி நான் வாயே தொறக்கலீங்க."

சொல்லும்போது அவர் கிணற்றைப் பார்த்தார், அவளைப் பார்க்கவில்லை. சென்னியம்மாள் தன் காட்டைத் திரும்பிப் பார்த்தாள். காட்டில் மஞ்சள் நிற்கிறது, இன்னும் ஒரு மாதம் தண்ணீர் காட்டினால்தான் கிழங்கு திரளும். அது போனால் எருதை விற்க வேண்டும், எருது போனால் காடு போகும், அப்புறம் அவள் யார் வீட்டு வாசலில் போய் நிற்பது? ஊரைக் கூட்டினாள்.

வெள்ளிக்கிழமை உச்சிப்பூசை முடிந்ததும் கருப்பராயன் கோயிலில் ஊர் கூடியது. பூசாரி துணியை எடுத்தார். சின்னண்ணன் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு சன்னிதியில் நின்றார். பத்து வயசில் கவலை ஓட்ட ஆரம்பித்த மனுசர். எருதை அதட்டி அதட்டி நெஞ்சிலிருந்து பேசிப் பழகிய குரல்.

"கருப்பராயா! கெணத்துப் பங்கைப் பத்தி எங்கண்ணங்கிட்ட நான் ஒரு வார்த்தை சொல்லலை!"

கருப்பராயனின் வெள்ளிக் கண் இரண்டும் மின்னுகிற அளவுக்கு விளக்கு எரிந்தது. கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது.

அடுத்து சென்னியம்மாள். தாலியறுத்தவள் பெரியவர்கள் முன்னால் எப்படிப் பேச வேண்டும் என்று ஒரு முறை இருக்கிறதே, அதில் ஒரு மயிரிழை அவள் தவறவில்லை. தலையில் முக்காடு, வாயில் முந்தானை, கண் தரையில். "சொன்னாருங்க... என்ற ஊட்டுக்காரரு கையப் புடிச்சுச் சொன்னாருங்க..." என்று துணிக்குள்ளேயே முனகினாள். விளக்கு ஒரு மினுக்கு மினுக்கி அணைந்துபோயிற்று. இன்னொரு தடவை சொன்னாள். அந்த மினுக்கும் வரவில்லை.

பெண்கள் பக்கத்தில் நின்ற காளியாத்தாளை அவள் நிமிர்ந்து பார்த்தாள். காளியாத்தாள் தன் கால் மெட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

சென்னிமலை கெட்டவரில்லை. அவர் குரல் இரக்கமாகத்தான் வந்தது. "ஏம்மிணி, உனக்கு நெசமாவே நெனப்பிருக்குதா? செத்தவிய வெசனத்துல நீயா எதாச்சும் நெனச்சுக்கிட்டியா? பயிரு நிக்குது, பாவமாத்தான் இருக்குது. வர்ற வெள்ளிக்கெழமை இன்னொருக்கா சொல்லு. அதுமட்டும் மாட்டைப் பூட்டாத."

வீட்டுக்கு வந்து சென்னியம்மாள் அடுப்புப் பற்றவைக்கவில்லை. சின்னண்ணன் பொய் சொன்னதுகூட அவளுக்குப் பெரிசாகப் படவில்லை. சாமி தன் சொல்லுக்கு எரியவில்லையே என்பதுதான் நெஞ்சை அறுத்தது. அப்படியானால் தான் சொன்னது பொய்யா? கட்டில், கஞ்சி டம்ளர், கொழுந்தனாரின் கை எல்லாம் கண்ணுக்குள் இருந்தன. ஆனால் அவர் வாயிலிருந்து வந்த சொல்லை நினைக்க நினைக்க அது நழுவியது. 'பாதிக் கெணறு' என்றாரா, 'பாத்துக்கறேன்' என்றாரா? தானே ஆசைப்பட்டு அந்தச் சொல்லை அவர் வாயில் வைத்துவிட்டோமா? புருசன் நிம்மதியாகக் கண் மூடினார் என்பதும் தன் கற்பனைதானா? நாலு நாளில் அவள் பாதியாகிவிட்டாள். கிணறும் போய், பயிரும் போய், தன் நினைப்பே தன்னுடையது இல்லையென்று ஆகிவிட்டால் ஒரு மனுசி எதைப் பிடித்துக்கொண்டு நிற்பாள்?

புதன்கிழமை மத்தியானம் அத்தாயி வந்து அவளைக் கையைப் பிடித்து எழுப்பினாள். "சாமி, இப்பிடியே குக்கிக் கெடந்தா ஆவறதில்லீங்க. என்ற ஆடு ஒண்ணு கரட்டு மேல ஏறிப்போச்சு. தொணைக்கு வாங்க" என்றாள். ஆடு தொலைந்ததும் உண்மை, இவளை வெளியே இழுக்க அது ஒரு சாக்கு என்பதும் உண்மை.

உச்சியில் ஒரு பாண்டுகுழிக்குள் ஆட்டின் கத்தல் கேட்டது. மூடுகல்லின் சந்துக்குள் இறங்கிவிட்டு ஏறத் தெரியாமல் நின்றது. சென்னியம்மாள் உள்ளே குனிந்து இறங்கினாள். இருட்டு. ஆடு அவளைக் கண்டு மிரண்டு மூலைக்கு ஓடியது. "ஏய், நில்லு! இந்தப் பக்கமா வா!" என்று எருதை அதட்டுகிற குரலில் அதட்டினாள். அறை முழுக்கப் பால் வெளிச்சம் பாய்ந்தது.

கோயிலில் இருப்பதைப் போலவே இன்னொரு கிண்ணம். சுவர்க்கல்லில் வட்டமாகக் குடைந்த ஒரு துளைக்கு நேரே பதித்து வைத்திருந்தது.

சென்னியம்மாளுக்கு முதலில் பயம்தான் வந்தது. கும்பிட்டாள். அப்புறம் கிண்ணத்தின் முன்னால் உட்கார்ந்து, கோயிலில் சொன்ன மாதிரியே மெதுவாக, "அவரு சொன்னாருங்க" என்றாள். இருட்டு. முந்தானையை வாயிலிருந்து எடுத்துவிட்டு, "சொன்னாரு!" என்று கத்தினாள். வெளிச்சம். கொஞ்சம் யோசித்துவிட்டு, தொண்டை கிழிய, "சொல்லவே இல்லை!" என்று கத்தினாள்.

அதே வெளிச்சம். ஒரு துளி கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

அந்த வெளிச்சத்தில் சுவர் தெரிந்தது. கல்லில் கொத்தியிருந்தார்கள். வரிசையாகக் கரடுகள், ஒவ்வொரு கரட்டின் மேலும் வாயைத் திறந்தபடி ஒரு சின்ன மனிதர், அவர் வாயிலிருந்து அடுத்த கரட்டுக்கு ஓடும் கோடுகள். சென்னியம்மாள் துளைவழியாகப் பார்த்தாள். வெயிலில் காய்ந்து கிடந்த காடுகளுக்கு அப்பால், நேர் எதிரே, தூரத்தில் இன்னொரு மொட்டைக் கரடு. அதற்கும் அப்பால் நீலமாகக் கொல்லிமலை. அந்தச் சனம் எதற்கும் பயந்து இங்கே வரவில்லை என்று அவளுக்குப் புரிந்தது. குரல் எட்டாத தூரத்தில் இருந்த தம் மக்களைக் கூப்பிட வந்திருக்கிறார்கள். மழை வருகிறது என்றோ, மாடு தொலைந்தது என்றோ, சாப்பிட்டாயா என்றோ கூப்பிட்டிருப்பார்கள். எதிர்க் கரட்டிலிருந்து யாரோ வெளிச்சத்தில் பதில் சொல்லியிருப்பார்கள். ஒருத்தரை ஒருத்தர் கூப்பிட்டுக்கொள்ளச் செய்த சாமானைத்தான் கரட்டுப்புதூர் எடுத்துப்போய் நாயம் தீர்க்க வைத்திருந்தது.

வெளியே வந்து அத்தாயியிடம் எல்லாவற்றையும் சொன்னாள். சொல்லும்போதே அழுகை முட்டியது, சிரிப்பும் வந்தது. "என்ற நெனப்பு பொய்யில்லடி அத்தாயி. அவரு சொன்னாருதான். எனக்குத்தான் கத்தத் தெரியாமப் போச்சு."

அத்தாயிக்கு இது சுலபமான சங்கதியாகப் பட்டது. "அப்பறமென்னங்க சாமி? வெள்ளிக்கெழம போய்க் கத்திப்போடுங்க. கெணறு உங்குளுது."

சென்னியம்மாளும் அந்த முடிவோடுதான் வெள்ளிக்கிழமை கோயிலுக்குப் போனாள். விளக்கின் ரகசியம் தங்கள் இருவரோடு இருக்கட்டும், தண்ணீர் வந்தால் போதும் என்றுதான் நினைத்தாள்.

சன்னிதியில் நின்று முக்காட்டை எடுத்தாள். கூட்டம் முணுமுணுத்தது. முந்தானையை இடுப்பில் செருகினாள். "என்ன அழும்பு இது" என்றது ஒரு கிழக்குரல். அவள் எருதுக்குக் குரல் கொடுக்கிற மாதிரி நெஞ்சை நிமிர்த்திக் கத்தினாள்.

"பாதிக் கெணறு நங்கையுதுன்னு எங்க கொழுந்தனாரு சொன்னாரு!"

கருப்பராயனின் கண் மின்னியது. அரிவாள் மின்னியது. சென்னிமலை எழுந்து நின்றுவிட்டார். சின்னண்ணன் முகம் செத்துப்போயிற்று. ஆனால் அவர் விடுகிற ஆளில்லை. முண்டியடித்து முன்னால் வந்து, "சொல்லலை!" என்று முழங்கினார். விளக்கு எரிந்தது. "சொன்னாரு!" எரிந்தது. "சொல்லலை!" எரிந்தது. இரண்டு பேரும் மாறி மாறிக் கத்த, கோயில் திருவிழா மாதிரி வெளுத்து வெளுத்து இருண்டது. பின்வரிசையில் சிலர் சிரிக்கவும் தொடங்கினார்கள்.

"ரெண்டு பேரும் நிறுத்துங்க!" என்றார் சென்னிமலை. அதற்கும் எரிந்தது. அவர் குழம்பிப்போனார். பக்கத்திலிருந்தவர்களைக் கலந்துகொண்டு, "ஆருக்குப் பெருசா எரியுதோ அவிய பக்கம் நாயம். இன்னொருக்கா சொல்லுங்க" என்றார்.

சென்னியம்மாள் மூச்சை இழுத்தாள். இன்னும் கொஞ்சம் கத்தினால் கிணறு வந்துவிடும். அந்த நேரம் பார்த்துப் பெருமாயியின் நினைப்பு வந்து தொலைத்தது. இளைத்து இளைத்து, வராத மூச்சை இழுத்து, 'நான் எடுக்கலீங்க' என்று அவள் சொன்னது காதில் கேட்டது. அவளைப் பாவி என்று சொன்ன தன் வாயை நினைத்தால் அவளுக்குக் கூசியது. இப்போது இவள் கத்தி ஜெயித்தால் நாளைக்கு இன்னொரு பெருமாயி மூட்டை கட்டுவாள். கோபம் தலைக்கு ஏறியது. யார் மேல் என்று பிரித்துச் சொல்ல முடியாத கோபம். செங்கோடன் குழிக்குள் முதன்முதலாகக் கத்திய சொல்லே அவள் வாயில் வந்தது.

"நான் செத்துப்போயிட்டனுங்க!"

அதுவரைக்கும் எரியாத அளவுக்கு விளக்கு எரிந்தது.

"பாத்தீங்களா? உசுரோட நின்னுட்டுத்தான சொல்றேன், எரியுதே! இதுக்குப் பொய்யும் தெரியாது, நெசமும் தெரியாது. சத்தம்தானுங்க தெரியும். சென்றாயனுக்கு எரிஞ்சது தொண்டைக்கு. பெருமாயிக்கு எரியாதது இளைப்புக்கு. உங்க நாயமெல்லாம் இப்பிடித்தானுங்க நடந்திருக்குது!"

புரியாதவர்கள் அங்கே ஒருவரும் இல்லை. பச்சைப்பிள்ளைக்கும் புரிகிற சங்கதி. அதுதான் வினையாகப் போயிற்று. சென்றாயன் தலையைக் குனிந்துகொண்டார். விளக்கை நம்பி வரப்பை நகர்த்தி நட்டவர்கள், விளக்கை நம்பிப் பெண் கொடுத்தவர்கள், விளக்கைச் சொல்லி அடுத்தவரை ஊரைவிட்டு ஓட்டியவர்கள் எல்லாரும் பெரியதனக்காரர் முகத்தைப் பார்த்தார்கள். விளக்குப் பொய் என்றால் தீர்ப்பெல்லாம் பொய். தீர்ப்புச் சொன்ன வாய் சென்னிமலையுடையது. அவர் அவளைப் பார்க்காமல் பேசினார்.

"கருப்பராயன் வெளக்குப் பொய் சொல்லாது. மணியன் பொண்டாட்டி செத்துப்போச்சு. எல்லாரும் தலை முழுகிப்போட்டு ஊட்டுக்குப் போங்க. செத்தவளுக்குக் கெணத்துல பங்கில்லை. செத்தவகிட்ட ஊருல ஆரும் பேச்சு வெச்சுக்கக் கூடாது."

ஒருவர், ஒரே ஒருவர், 'இது நல்லா இருக்குதுங்களா' என்று கேட்டிருக்கலாம். ஒருவரும் கேட்கவில்லை. தலை முழுகப் போனார்கள். சென்னியம்மாள் வெளிச்சம் அணைந்த சன்னிதியில் தனியாக நின்றாள். பூசாரி அவள் நிற்பதைக் காணாதவர்போல விளக்கின்மேல் துணியைப் போர்த்தினார்.

இரண்டு நாள் அவள் வீட்டுக்குள் கிடந்தாள். மூன்றாம் நாள் காலையில் எழுந்து, எருதுகளை ஓட்டிக்கொண்டு கிணற்றுக்குப் போனாள். அங்கே பூட்டியிருந்த சின்னண்ணனின் மாடுகளை அவிழ்த்துவிட்டுத் தன் மாடுகளைப் பூட்டி, "ஹேய், நட சாமி!" என்று குரல் கொடுத்தாள். சின்னண்ணன் பாய்ந்து வந்தார். நிறுத்து என்று யாரிடம் சொல்வது? செத்தவளிடமா? வடத்தைப் பிடிக்கக் கை நீட்டினார். செத்தவள் தொட்ட வடம் என்ற பயத்தில் கை தானாகப் பின்வாங்கியது. சென்னிமலை வீட்டுக்கு ஓடினார்.

"கெணத்துல தண்ணி எறைக்கறாங்க!"

"ஆரு எறைக்கறது?" என்றார் சென்னிமலை.

சின்னண்ணன் கிணற்றுப் பக்கம் கையைக் காட்டினார். பெயரைச் சொன்னால் அவள் உயிரோடிருக்கிறாள், அவள் உயிரோடிருந்தால் விளக்குப் பொய், விளக்குப் பொய்யானால் அவருடைய 'சொல்லலை'யும் பொய். அப்புறம் சென்னிமலை, "வெயிலு ஏறுது, ஊட்டுக்குப் போப்பா" என்றார்.

இப்படியாகச் சென்னியம்மாளுக்குத் தண்ணீர் கிடைத்தது. ஒருநாள் விட்டு ஒருநாள், தன் முறைக்கு மட்டும் இறைத்தாள். ஊரும் அவளைக் காணவில்லை. சந்தையில் அவள் காசை நீட்டினால் கடைக்காரர் முகத்தைத் திருப்பிக்கொண்டு சாமானைத் தரையில் வைத்தார். குழந்தைகள் அவளைக் கண்டு மெய்யாகவே பயந்து ஓடின. அத்தாயி ஆரம்பத்தில் வேலிக்கு அப்பால் நின்று இரண்டொரு வார்த்தை பேசினாள். அது பெரியதனக்காரர் காதுக்குப் போயிற்று. அத்தாயி புருசனுக்குக் கூலி அவர் காட்டில்தான். அதற்குப் பிறகு அத்தாயியும் வரவில்லை. பொழுது சாயும் நேரத்தில் கரட்டின் மேல் ஆட்டைக் கூப்பிடுகிற சாக்கில் அவள் கத்துவாள் போலிருக்கிறது, உச்சியில் ஒரு வெளிச்சம் தெரிந்து தெரிந்து மறையும். அவள் என்ன சொல்கிறாள் என்று இங்கிருந்து தெரியாது. மடை திருப்பிவிட்டுச் சென்னியம்மாள் அதைப் பார்த்துக்கொண்டே நிற்பாள். ஒரு மனுசக் குரல் தன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக் கேட்க மாட்டோமா என்று அவளுக்கு ஏக்கமாக இருந்தது. ஏக்கம் என்று மெதுவாகச் சொன்னால் போதாது, பசி மாதிரி இருந்தது.

மாசி பிறந்து, மஞ்சளுக்குக் கடைசித் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்த காலைநேரம். காளியாத்தாள் குடத்தோடு கிணற்றுக்கு வந்தாள். வாய்க்கால் ஓரத்தில் உட்கார்ந்து குடத்தைக் கழுவினாள், கழுவின குடத்தையே திரும்பத் திரும்பக் கழுவினாள். முந்தானையை வாய்க்கு மேலே இழுத்துக்கொண்டு, குடத்துக்குள் குனிந்து, குடத்திடம் பேசினாள்.

"அன்னைக்கு எங்க ஊட்டுக்காரரு சொன்னது எனக்குக் கேட்டுச்சு. நங்கை இருக்கற வரைக்கும் பாதிக் கெணறு அவீங்களுதுன்னு சொன்னாரு. நான் கஞ்சி டம்ளரை வெச்சுட்டுப் பக்கத்துலதான நின்னேன்? கூட்டத்துல சொல்லியிருக்கோணும். பயந்துட்டேன். தூக்கம் வர்றதில்லை."

கோயில் விளக்கு அருகில் இருந்திருந்தால் ஒரு மினுக்குகூட மினுக்கியிருக்காது, அவ்வளவு மெதுவாகச் சொன்னாள்.

சென்னியம்மாள் வடக்கயிற்றைப் பிடித்து எருதுகளை நிறுத்தினாள். ஓடிப்போய் அவள் தோளைப் பிடித்துக்கொண்டு, 'இப்பவாச்சும் சொன்னியே காளியாத்தா, என்னைப் பைத்தியம்னு நெனச்சுக்கிட்டிருந்தேனே' என்று சொல்ல மனம் துடித்தது. சொன்னால் சென்னியம்மாள் உயிரோடிருக்கிறாள் என்று ஆகிவிடும். நாளைக்கே தண்ணீர் நிற்கும். செத்தவளோடு பேசினாள் என்று காளியாத்தாளைக் கோயிலில் கொண்டுபோய் நிறுத்துவார்கள். அந்த மெல்லிய குரலை வைத்துக்கொண்டு அவள் எங்கே தப்புவாள்?

வாய்வரைக்கும் வந்த பெயரை விழுங்கிக்கொண்டு சென்னியம்மாள் எருதின் முதுகில் கை வைத்தாள். எருதைப் பார்த்துச் சொன்னாள். "காது கேட்டுச்சுடா. நல்லாக் கேட்டுச்சு. நட சாமி, நட."

எருதுகள் சரிவில் இறங்கின. சால் மேலே ஏறிக் கொட்டியது. காளியாத்தாள் குடத்தை நிரப்பி இடுப்பில் வைத்துக்கொண்டு, திரும்பிப் பாராமல் போனாள்.

வயலில் கடைசி மடை நிறைந்ததும் சென்னியம்மாள் வரப்பில் உட்கார்ந்து அழுதாள். புருசன் செத்த அன்றுகூட அவள் அப்படி அழுததில்லை. முந்தானையை வாயில் திணித்துக்கொண்டுதான் அழுதாள். செத்தவள் அழுகிற சத்தம் ஊருக்குக் கேட்டுவிடக் கூடாது.